சூதாடி கண்ட கணக்கு

காசைச் சுண்டினால் பூ விழலாம்; தலை விழலாம். பகடையை உருட்டினால் 1 முதல் 6 வரை எந்த எண்ணும் விழலாம். எது விழும் என்று யாராலும் முன்கூட்டியே சொல்ல முடியாது. ஆனால், அது விழ எத்தனையில் ஒரு பங்கு வாய்ப்பு உண்டு என்று கணக்குப் போட முடியும். அந்தக் கணக்குக்கு 'நிகழ்தகவு' என்று பெயர். இன்று பள்ளிக்கூடப் பிள்ளைகள் இதைப் படிக்கிறார்கள்.

இந்தக் கணக்கை ஒரு புத்தகமாக எழுதிவைத்த முதல் மனிதர் என்று சரித்திரம் சொல்வது, ஜெரோலாமோ கார்டனோ என்பவரை. இத்தாலி நாட்டுக்காரர். நானூறு ஆண்டுகளுக்கு முன்பே காலமானவர். அவர் பெரிய டாக்டர். பெரிய கணித மேதை. அதோடு பெரிய சூதாடி!

பகடையின் உள்விவகாரத்தை அவரைப்போல் அறிந்தவர் அந்தக் காலத்தில் ஒருவரும் இல்லை. ஆனாலும், அதே பகடையால் மனைவியின் நகைகளை இழந்தார். வீட்டுச் சாமான்களை இழந்தார். ஏழைகள் விடுதியில் போய்த் தங்கினார். அறிவு ஒரு பக்கம் இழுக்க, ஆசை மறு பக்கம் இழுத்த வாழ்க்கை அவருடையது.

வேண்டாத பிள்ளை

கார்டனோ 1501-ம் ஆண்டு செப்டம்பர் 24-ந் தேதி, வட இத்தாலியில் உள்ள பாவியா நகரில் பிறந்தார். தந்தை பாசியோ கார்டனோ, மிலான் நகரில் வக்கீல். கணிதத்திலும் கெட்டிக்காரர். புகழ்பெற்ற ஓவியர் லியனார்டோ டாவின்சி, வடிவ கணிதத்தில் சந்தேகம் வந்தால் அவரிடம் கேட்பது உண்டு.

தாய் கியாரா, ஏற்கனவே கணவனை இழந்தவள். மூன்று குழந்தைகளின் தாய். பாசியோவுக்கும் அவளுக்கும் அப்போது கல்யாணம் ஆகவில்லை. வயிற்றில் இருந்த பிள்ளையை அவள் விரும்பவும் இல்லை. கருவைக் கலைக்க மருந்து குடித்தாள். பலிக்கவில்லை.

அந்தச் சமயத்தில் மிலானில் பிளேக் நோய் பரவியது. அதற்குப் பயந்து அவள் பாவியாவுக்குப் போனாள். மிலானில் இருந்த மூன்று குழந்தைகளும் நோயில் மாண்டன. யாரும் வேண்டாத நான்காவது பிள்ளை பிழைத்துக்கொண்டது!

சிறுவன் கார்டனோ அடிக்கடி நோயில் விழுந்தான். உடம்பு கொஞ்சம் தேறியதும், தந்தையின் பையைத் தூக்கிக்கொண்டு அவர் பின்னாலேயே ஊரெல்லாம் நடந்தான். வழியில் தந்தை சொல்லிக்கொடுத்த கணக்குதான் அவனுடைய முதல் பாடம்.

மகன் வக்கீலாக வேண்டும் என்பது தந்தையின் ஆசை. மகனோ வைத்தியம் படிக்க விரும்பினான். பாவியாவிலும், பிறகு பதுவா நகரிலும் படித்தான்.

கத்தியும் கால்வாயும்

1524-ம் ஆண்டு தந்தை இறந்தார். அவர் வைத்துவிட்டுப் போன சொத்து அதிகம் இல்லை. இருந்ததும் சீக்கிரம் கரைந்தது. கையில் காசு இல்லாத மாணவர் கார்டனோ, சீட்டிலும் பகடையிலும் சதுரங்கத்திலும் பந்தயம் கட்டி ஆடத் தொடங்கினார்.

மற்றவர்கள் அதிர்ஷ்டத்தை நம்பி ஆடினார்கள். கார்டனோ கணக்குப் போட்டு ஆடினார். ஆகவே, தோற்றதைவிட ஜெயித்தது அதிகம். படிப்புச் செலவு அதிலேயே நடந்தது. அந்த ருசிதான் அவரைக் கெடுத்தது.

ஒரு நாள் வெனிஸ் நகரில் ஒருவருடைய வீட்டில் சீட்டாட்டம். கார்டனோ தோற்றுக்கொண்டே வந்தார். பணம் போயிற்று. உடுப்பும் மோதிரங்களும் போயின. அப்போதுதான் சீட்டுகளில் ரகசிய அடையாளம் இருப்பது அவர் கண்ணில் பட்டது. ஆத்திரம் பொங்கியது. கத்தியை உருவி, வீட்டுக்காரருடைய முகத்தில் கீறினார். இழந்த பொருள்களை அள்ளிக்கொண்டு தெருவுக்கு ஓடினார்.

அன்று இரவு கால் தவறிக் கால்வாயில் விழுந்தார். நீந்தத் தெரியாமல் தத்தளித்தார். அந்த வழியாக வந்த படகில் இருந்தவர்கள் அவரைத் தூக்கிக் காப்பாற்றினார்கள். படகுக்குள் ஏறிப் பார்த்தால், முகத்தில் கட்டுப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தவர் அதே வீட்டுக்காரர்! அவர் கோபிக்கவில்லை. மாற்று உடுப்புக் கொடுத்துக் கூட அழைத்துப் போனார். இந்தச் சம்பவத்தைக் கார்டனோவே தம் சுயசரிதையில் எழுதி இருக்கிறார்.

அடகுக்குப் போன நகைகள்

கார்டனோ டாக்டர் பட்டம் பெற்றார். ஆனால், மிலான் நகர வைத்தியர் சங்கம் அவரைச் சேர்த்துக்கொள்ள மறுத்தது. முறைப்படி கல்யாணம் ஆகாத பெற்றோருக்குப் பிறந்தவர் என்பது அவர்கள் சொன்ன காரணம். சங்கத்தில் சேராமல் மிலானில் வைத்தியம் செய்ய முடியாது.

பதுவாவுக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூரில் வைத்தியம் பார்த்தார். 1531-ம் ஆண்டு லூசியா என்ற பெண்ணை மணந்தார். பிறகு, மிலானுக்கு அருகே உள்ள கல்லராத்தே என்ற ஊருக்குக் குடிபோனார். அங்கும் நோயாளிகள் அதிகம் வரவில்லை. வருமானம் இல்லை. பழைய பழக்கம் தலைதூக்கியது.

லூசியாவின் நகைகள் அடகுக்குப் போயின. பிறகு வீட்டுச் சாமான்களும் போயின. கடைசியில், கணவனும் மனைவியும் மிலான் நகரத்து ஏழைகள் விடுதியில் அடைக்கலம் புகுந்தார்கள்.

சூதில் இத்தனை கெட்டிக்காரர் ஏன் தோற்றார்? பகடையின் கணக்கு பகடைக்குத்தான் பொருந்தும். ஆடுகிறவனுடைய ஆத்திரத்துக்கும் பேராசைக்கும் பொருந்தாது. தோற்ற பணத்தை மீட்க வேண்டும் என்ற வெறி பிறந்தபிறகு கணக்கு எங்கே நிற்கும்?

புகழின் உச்சி

1534-ம் ஆண்டு விடிவு வந்தது. தந்தை கணிதம் கற்பித்த அதே அறநிலையத்தில் மகனுக்கும் கணித ஆசிரியர் வேலை கிடைத்தது. ஓய்வு நேரத்தில் நோயாளிகளைப் பார்த்தார். கை ராசியான வைத்தியர் என்ற பெயர் பரவியது. ஒதுக்கி வைத்த வைத்தியர் சங்கமே 1539-ம் ஆண்டு அவரைச் சேர்த்துக்கொண்டது.

1545-ம் ஆண்டு அவர் வெளியிட்ட 'பெருங்கலை' என்ற கணித நூல் ஐரோப்பா முழுவதும் பேசப்பட்டது. அதில் இருந்த ஒரு முக்கியமான முறையை அவருக்குச் சொல்லிக்கொடுத்தவர் தார்த்தாலியா என்ற கணித அறிஞர். யாருக்கும் சொல்வதில்லை என்று கார்டனோவிடம் சத்தியம் வாங்கி இருந்தார். அதே முறையை வேறொருவர் அதற்கு முன்பே கண்டிருந்தார் என்று தெரிந்ததும், கார்டனோ அதைப் புத்தகத்தில் போட்டார். இருவர் பெயரையும் குறிப்பிடவும் செய்தார். ஆனாலும், தார்த்தாலியா கடைசிவரை அவரை மன்னிக்கவில்லை.

1552-ம் ஆண்டு ஸ்காட்லாந்து நாட்டுப் பெரிய பாதிரியார் ஜான் ஹாமில்டன் மூச்சுத்திணறல் நோயால் அவதிப்பட்டு, கார்டனோவை வரவழைத்தார். கார்டனோ பல வாரங்கள் உடன் இருந்து கவனித்தார். பறவை இறகு அடைத்த மெத்தையில் படுக்கக்கூடாது என்றார். சாப்பாட்டையும் தூக்கத்தையும் ஒழுங்குபடுத்தினார். பாதிரியார் தேறினார். கார்டனோவுக்குப் பொன் நாணயங்கள் குவிந்தன.

பகடைப் புத்தகம்

இந்த ஓட்டத்துக்கு நடுவில் அவர் ஒரு சிறு புத்தகத்தையும் எழுதிவந்தார். இளமையில் தொடங்கி, வயதான பிறகும் திருத்திக்கொண்டிருந்தார். சூதாட்டம் பற்றிய புத்தகம் அது.

பித்தலாட்டக்காரர்கள் சீட்டில் எப்படி அடையாளம் வைப்பார்கள், பகடையை எப்படி ஒரு பக்கம் கனமாகச் செய்வார்கள் என்றெல்லாம் அதில் எச்சரித்தார். ஆடாமல் இருப்பதே பெரிய லாபம் என்றும் எழுதினார். ஆனால், அந்தப் புத்தகத்துக்குப் பெருமை தேடிக்கொடுத்தது அதில் உள்ள கணக்குதான்.

பகடைக்கு ஆறு முகம். ஆறும் ஒரே மாதிரி இருந்தால், ஒவ்வொரு முகமும் விழ ஆறில் ஒரு பங்கு வாய்ப்பு. அதாவது 1/6. இது சுலபம்.

இரண்டு பகடைகளை உருட்டினால்? முதல் பகடையில் எது விழுந்தாலும், இரண்டாவது பகடையில் ஆறில் ஏதாவது ஒன்று விழலாம். ஆகவே 6 x 6 = 36 வழிகள். மூன்று பகடைகள் என்றால் 6 x 6 x 6 = 216 வழிகள். இந்த எண்களைக் கார்டனோ சரியாக எழுதினார்.

இரண்டு பகடைகளின் கூட்டுத்தொகை 12 வர ஒரே வழிதான். 6-ம் 6-ம் விழ வேண்டும். 11 வர இரண்டு வழி. 5-6 அல்லது 6-5. 10 வர மூன்று வழி. 4-6, 5-5, 6-4. ஆகவே, 12-ஐவிட 10 வர மூன்று மடங்கு வாய்ப்பு அதிகம். வரக்கூடிய வழிகளை எல்லாம் எண்ணு. வேண்டிய வழிகளை எண்ணு. இரண்டையும் ஒப்பிட்டுப் பார். இதுதான் அவர் காட்டிய பாதை. பள்ளிப் புத்தகத்திலும் இன்று இதுதான் முதல் பாடம்.

காசும் பகடையும்

அடுத்த பாடம் இன்னும் முக்கியமானது. ஒன்றையொன்று சாராத இரண்டு நிகழ்ச்சிகள் சேர்ந்து நடக்க எவ்வளவு வாய்ப்பு?

ஒரு சிறுவன் ஒரு கையால் காசைச் சுண்டுகிறான். மறு கையால் பகடையை உருட்டுகிறான் என்று வைத்துக்கொள்ளலாம். தலையும் விழவேண்டும், 6-ம் விழவேண்டும்.

காசு எப்படி விழுந்தது என்பது பகடைக்குத் தெரியாது. பகடை எப்படி விழுந்தது என்பது காசுக்குத் தெரியாது. ஒன்று மற்றொன்றைத் தொடுவதே இல்லை. இப்படிப்பட்டவற்றைத்தான் 'சார்பற்ற நிகழ்ச்சிகள்' என்கிறார்கள்.

பூ விழுந்தால் பகடையில் ஆறு வழிகள். தலை விழுந்தால் பகடையில் ஆறு வழிகள். மொத்தம் 12 வழிகள். அதில் தலையும் 6-ம் சேர்ந்து வருவது ஒரே வழி. ஆகவே வாய்ப்பு 1/12.

காசுக்கு 1/2. பகடைக்கு 1/6. இரண்டையும் பெருக்கினால் 1/12. விரலை மடக்கி எண்ணினாலும், பெருக்கினாலும் விடை ஒன்றே. சார்பற்ற நிகழ்ச்சிகள் சேர்ந்து நடக்கும் வாய்ப்பை அறியப் பெருக்க வேண்டும். கூட்டக்கூடாது.

தவறும் திருத்தமும்

இன்று ஒரு வரியில் சொல்லிவிடும் இந்த விதி, கார்டனோவுக்குச் சுலபமாகக் கிடைக்கவில்லை. முதலில் தவறு செய்தார்.

பகடையை மூன்று தடவை உருட்டினால், குறிப்பிட்ட ஓர் எண் ஒரு தடவையாவது விழ, சரிபாதி வாய்ப்பு என்று எழுதினார். ஆறில் மூன்று பாதி அல்லவா என்பது அவர் எண்ணம். பார்க்கச் சரி போலத் தோன்றும். ஆனால், தவறு. அப்படியானால், ஆறு தடவை உருட்டினால் அந்த எண் நிச்சயம் விழவேண்டும். அப்படி நடப்பதில்லை என்பது பகடை உருட்டிய குழந்தைக்கும் தெரியும்.

உண்மையான கணக்கு இது. அந்த எண் ஒரு தடவை விழாமல் போக 5/6 வாய்ப்பு. மூன்று தடவையும் விழாமல் போக 5/6 x 5/6 x 5/6. அதாவது 216-ல் 125. மிச்சம் 91. ஆகவே, ஒரு தடவையாவது விழ 216-ல் 91 பங்குதான் வாய்ப்பு. பாதி என்றால் 108 இருக்கவேண்டும். மூன்று பகடைகளைப் பற்றி எழுதும்போது, கார்டனோவே பின்னர் இந்த 91-ஐச் சரியாக எண்ணிவிட்டார்.

தொடர்ந்து ஜெயிப்பதைப் பற்றிய கணக்கிலும் அவர் முதலில் சறுக்கினார். பாதிக்குப் பாதி வாய்ப்பு உள்ள ஆட்டத்தில் ஜெயிக்க ஒரு வழி, தோற்க ஒரு வழி. அவர் அந்த ஒன்றையும் ஒன்றையும் தனித்தனியே பெருக்கினார். ஒன்றை ஒன்றால் எத்தனை தடவை பெருக்கினாலும் ஒன்றுதானே? அதன்படி, ஒற்றை எண் ஒரு தடவை விழவும் பாதி வாய்ப்பு. இரண்டு தடவை தொடர்ந்து விழவும் பாதி வாய்ப்பு. நான்கு தடவை தொடர்ந்து விழவும் பாதி வாய்ப்பு என்று ஆகிவிட்டது!

இது அபத்தம் என்று அவருக்கே பட்டது. வேறொருவராக இருந்தால், எழுதிய தாளைக் கிழித்துப்போட்டிருப்பார். கார்டனோ அப்படிச் செய்யவில்லை. தவறையும் ஏட்டில் வைத்தார். திருத்தத்தையும் அதற்குப் பக்கத்திலேயே எழுதினார்.

மொத்த வழிகளைப் பெருக்கவேண்டும் என்று கண்டுகொண்டார். ஒரு தடவைக்கு இரண்டில் ஒன்று. இரண்டு தடவைக்கு நான்கில் ஒன்று. மூன்று தடவைக்கு எட்டில் ஒன்று. பெருக்கல் விதி பிறந்துவிட்டது!

பகடைக்கு ஞாபகம் இல்லை

இந்த விதிக்கு அடியில் பெரிய உண்மை ஒன்று இருக்கிறது. பகடைக்கு ஞாபக சக்தி கிடையாது.

ஐந்து தடவை உருட்டியும் 6 விழவில்லை. ஆறாவது தடவை விழுந்தே தீரும் என்று சூதாடி நினைக்கிறான். கைவசம் உள்ளதை எல்லாம் பந்தயம் வைக்கிறான். ஆனால், முன்பு என்ன விழுந்தது என்பது பகடைக்குத் தெரியாது. ஆறாவது தடவையும் வாய்ப்பு அதே 1/6-தான். கூடவில்லை, குறையவில்லை.

ஆறு தடவை உருட்டியும் ஒரு 6-கூட விழாமல் போக எவ்வளவு வாய்ப்பு? 5/6-ஐ ஆறு தடவை பெருக்கினால், ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு வருகிறது. மூன்று பேர் ஆடினால் ஒருவர் ஏமாறலாம் என்று பொருள். இத்தனை நேரம் தோற்றுவிட்டோம், இனி ஜெயிப்போம் என்ற நினைப்பில் அழிந்த குடும்பங்கள் எத்தனையோ! வந்து போன தோல்விகள், வரப்போகும் ஆட்டத்துக்கு ஒரு காசு உதவிகூடச் செய்வதில்லை.

இந்த உண்மை கார்டனோவின் பெருக்கலுக்குள்ளேயே இருந்தது. ஆனாலும், ஆட்டத்தில் அதிர்ஷ்டம் என்ற ஒரு சக்தி புகுந்து விளையாடுகிறது என்ற நம்பிக்கை அவரை விடவில்லை. சதுரங்கத்தில் 40 ஆண்டுகளுக்கு மேலும், பகடையில் சுமார் 25 ஆண்டுகளும் செலவிட்டதை முதுமையில் வெட்கத்தோடு எழுதினார்.

ராஜாவின் ஜாதகம்

அந்தக் காலத்து டாக்டர்கள் பலரைப்போலக் கார்டனோவும் ஜோதிடம் பார்த்தார். 1552-ல் ஸ்காட்லாந்தில் இருந்து திரும்பும் வழியில், லண்டனில் இங்கிலாந்து ராஜா ஆறாம் எட்வர்டைச் சந்தித்தார். ராஜா அப்போது சின்னப் பையன். கார்டனோ அவருக்கு ஜாதகம் கணித்தார். ஐம்பது வயதுக்கு மேலும் ராஜா வாழ்வார் என்று கண்டார்.

அடுத்த ஆண்டே, 1553-ம் ஆண்டு ஜூலை மாதம், எட்வர்ட் இறந்துபோனார். வயது 15!

கணிப்பு எங்கே தவறியது என்று கார்டனோ பிறகு நீண்ட விளக்கம் எழுதினார். ஆனால், ஜோதிடத்தைக் கைவிடவில்லை. பகடைக் கணக்கில் தவறைக் கண்டதும் விதியையே மாற்றிக்கொண்ட மனிதர், நட்சத்திரக் கணக்கில் மட்டும் விதியை மாற்றிக்கொள்ளவில்லை.

மகனுக்கு மரண தண்டனை

லூசியா 1546-ம் ஆண்டு இறந்தாள். இரண்டு மகன்கள், ஒரு மகள். மூத்தவன் ஜோவான்னி பத்திஸ்தா மீது கார்டனோவுக்கு உயிர். அவனும் டாக்டருக்குப் படித்துத் தேறினான்.

அவன் தந்தைக்குத் தெரியாமல் பிராந்தோனியா என்ற பெண்ணை மணந்தான். அந்தக் கல்யாணம் நரகமாயிற்று. பெண் வீட்டார் பணம் கேட்டு நச்சரித்தார்கள். அவளுடைய குழந்தைகளுக்கு அவன் தந்தையே அல்ல என்று அவளே ஏளனம் செய்தாள். ஆத்திரத்தில் அவன் மனைவிக்கு விஷம் வைத்தான். அவள் இறந்தாள். அவன் கைதானான்.

கார்டனோ சிறந்த வக்கீல்களை அமர்த்தினார். தாமே ஓடியாடி வாதாடினார். பெண் வீட்டாரோடு சமரசம் ஏற்பட்டால் உயிர் பிழைக்கலாம் என்ற நிலை வந்தது. அவர்கள் கேட்ட தொகை, கார்டனோவால் கொடுக்க முடியாத தொகை. 1560-ம் ஆண்டு ஏப்ரல் மாதம் மகனின் தலை துண்டிக்கப்பட்டது.

நாடெல்லாம் நோயாளிகளைக் காப்பாற்றிய டாக்டரால், சொந்த மகனைக் காப்பாற்ற முடியவில்லை. தாயும் தந்தையும் இல்லாத பேரனைத் தாமே எடுத்து வளர்த்தார். மிலானில் தலைநிமிர்ந்து நடக்க முடியாமல், 1562-ம் ஆண்டு பொலோனா நகருக்குப் போய்ப் பேராசிரியரானார்.

இளைய மகன் ஆல்டோ தந்தையிடம் இருந்து கற்றுக்கொண்டது ஒன்றே ஒன்று, சூதாட்டம். கணக்கை அவன் கற்கவில்லை. பணம் எல்லாம் தோற்று, 1569-ம் ஆண்டு தந்தையின் வீட்டிலேயே திருடினான். கார்டனோ மனத்தைக் கல்லாக்கிக்கொண்டு அதிகாரிகளிடம் புகார் செய்தார். ஆல்டோ ஊரைவிட்டு விரட்டப்பட்டான்.

சிறையும் ரோமாபுரியும்

1570-ம் ஆண்டு அக்டோபரில் கார்டனோவே கைது செய்யப்பட்டார். மதவிரோதக் கருத்துகளை எழுதினார் என்று, கிறிஸ்தவ மத விசாரணை மன்றம் குற்றம் சாட்டியது. ஏசுநாதருக்கு அவர் ஜாதகம் கணித்து வெளியிட்டதும் காரணம் என்று சொல்லப்படுகிறது. சில மாதங்கள் சிறையிலும் வீட்டுக் காவலிலும் கழிந்தன. கற்பிக்கவும் புத்தகம் வெளியிடவும் தடை விதிக்கப்பட்டது.

1571-ம் ஆண்டு ரோமாபுரிக்குப் போனார். பின்னர் போப்பாண்டவர் அவருக்கு உதவித்தொகை வழங்கினார். அங்கே உட்கார்ந்து சுயசரிதை எழுதினார். தம் பெருமைகளையும் சிறுமைகளையும் மறைக்காமல் எழுதினார்.

1576-ம் ஆண்டு செப்டம்பர் 21-ந் தேதி காலமானார். 75 வயது நிறைய மூன்று நாள்தான் பாக்கி. சாகும் நாளை ஜோதிடத்தில் கணித்து, அது பொய்க்கக்கூடாது என்று பட்டினி கிடந்து உயிர்விட்டார் என்று ஒரு கதை உண்டு. அதற்குத் தக்க ஆதாரம் கிடையாது.

பெட்டியில் கிடந்த ஏடு

பகடைப் புத்தகம் அவர் வாழ்ந்தவரை அச்சாகவில்லை. அவர் இறந்து 87 ஆண்டுகள் கழித்து, 1663-ம் ஆண்டு பிரான்சில் லியோன் நகரில், அவருடைய நூல்கள் மொத்தமாக வெளியானபோதுதான் அதுவும் வெளிச்சத்துக்கு வந்தது.

அதற்குள் காலம் கடந்துவிட்டது. 1654-ம் ஆண்டு, பிளேஸ் பாஸ்கல், பியர் டி பெர்மா என்ற இரண்டு பிரெஞ்சு மேதைகள் கடிதம் எழுதிக்கொண்டு இந்தக் கணக்கைத் தாங்களாகவே வளர்த்துவிட்டார்கள். அதற்கு வித்திட்டதும் ஒரு சூதாட்டக் கேள்விதான்! 1718-ம் ஆண்டு, லண்டனில் அகதியாக வாழ்ந்த ஆபிரகாம் டி மாய்வர் என்ற பிரெஞ்சுக்காரர் வெளியிட்ட நூலில், பெருக்கல் விதி தெளிவாக இடம்பெற்றது. கார்டனோவுக்குச் சேரவேண்டிய பெருமை பிந்தித்தான் சேர்ந்தது.

பெருக்கக்கூடாத இடம்

எல்லா நிகழ்ச்சிகளையும் பெருக்கிவிடக்கூடாது. ஒன்றையொன்று சாராதவற்றைத்தான் அப்படியே பெருக்கலாம்.

52 சீட்டு உள்ள கட்டில் 4 ராஜா. முதல் சீட்டு ராஜாவாக இருக்க வாய்ப்பு 4/52. அதை வெளியே வைத்துவிட்டு அடுத்த சீட்டை எடுத்தால், மிச்சம் 51 சீட்டு, 3 ராஜா. வாய்ப்பு 3/51 ஆகிவிடுகிறது. முதல் சீட்டு இரண்டாவதைப் பாதித்துவிட்டது. பகடைக்கு ஞாபகம் இல்லை, சீட்டுக்கட்டுக்கு உண்டு!

இதை மறந்தால் என்ன ஆகும் என்பதை 1999-ம் ஆண்டு இங்கிலாந்தில் ஒரு கோர்ட்டு காட்டியது. ஒரு தாயின் இரண்டு கைக்குழந்தைகள் ஒன்றன்பின் ஒன்றாக இறந்துபோயின. தாயே கொன்றாள் என்று வழக்கு. அப்படிப்பட்ட குடும்பத்தில் ஒரு குழந்தை காரணம் தெரியாமல் திடீரென்று இறக்க 8,543-ல் ஒரு வாய்ப்பு. ஆகவே, இரண்டு குழந்தைகள் இறக்க 7 கோடியே 30 லட்சத்தில் ஒரு வாய்ப்பு என்று ஒரு டாக்டர் பெருக்கிச் சாட்சி சொன்னார். தாய்க்கு ஆயுள் தண்டனை கிடைத்தது.

ஒரே வயிற்றில் பிறந்து, ஒரே வீட்டில் வளர்ந்த குழந்தைகள் இரண்டு பகடைகள் அல்ல. ஒரு குழந்தையைத் தாக்கிய பரம்பரைக் கோளாறு மற்றதையும் தாக்கலாம். அந்தப் பெருக்கல் தவறு என்று இங்கிலாந்தின் அரச புள்ளியியல் சங்கம் 2001-ம் ஆண்டு பகிரங்கமாக அறிவித்தது. மறைந்துகிடந்த ஒரு மருத்துவப் பரிசோதனை முடிவும் வெளிவந்தது. 2003-ம் ஆண்டு மேல் கோர்ட்டு தண்டனையை ரத்து செய்தது. மூன்று ஆண்டுகளுக்கு மேல் அந்தத் தாய் சிறையில் இருந்துவிட்டாள்.

ஆகவே, பள்ளிப் பிள்ளை பெருக்குமுன் கேட்கவேண்டிய கேள்வி ஒன்று உண்டு. ஒன்று நடந்தது மற்றொன்றைத் தொடுமா, தொடாதா? தொடாது என்றால் பெருக்கலாம். தொடும் என்றால் நிறுத்தி யோசிக்கவேண்டும்.

இந்தக் கணக்கின் முதல் ஏட்டை எழுதியவர் அதற்குக் கொடுத்த விலை அதிகம். மனைவியின் நகை போயிற்று, இளமை போயிற்று, இளைய மகனும் சூதில் போனான். அந்த விலையைக் கொடுக்காமலே, காகிதமும் பென்சிலும் மட்டும் வைத்துக்கொண்டு, இன்றைய பிள்ளைகள் அதே பாடத்தைக் கற்றுக்கொள்கிறார்கள்.